ஆய்வேட்டைப் பதிவேற்றினால் பதிப்புரிமை போய்விடுமா?

ஆய்வேட்டைப் பல்கலைக்கழக இணையக் களஞ்சியத்தில் ஏற்றினால் பதிப்புரிமை முழுவதும் பல்கலைக்கழகத்துக்குப் போய்விடும் என்று மேலே ஒருவர் எழுதியிருக்கிறார், பலரும் அதைப் பகிர்ந்திருக்கிறார்கள். பொதுவாக நடப்பது அதுவல்ல என்பதைப் பணிவோடு சொல்ல விரும்புகிறேன்.

பதிவேற்றும்போது நாம் வழக்கமாகக் கொடுப்பது ஓர் அனுமதி மட்டும்தான்: ஆய்வேட்டைச் சேமிக்கலாம், பிரதி எடுக்கலாம், படிப்பவர்களுக்குத் தரலாம். அதே அனுமதியை நாம் வேறு யாருக்கும் கொடுக்கலாம். பதிப்புரிமை எழுதியவரிடமே இருக்கும். வீட்டுச் சாவியின் நகல் ஒன்றைக் கொடுப்பதற்கும் வீட்டையே எழுதிக் கொடுப்பதற்கும் உள்ள வித்தியாசம் இது.

இதை நீங்களே சரிபார்க்கலாம். அமெரிக்காவின் எம்ஐடி பல்கலைக்கழகமும் எச்பி கணினி நிறுவனமும் சேர்ந்து உருவாக்கி 2002இல் வெளியிட்ட டிஸ்பேஸ் மென்பொருளைத்தான் ஏராளமான களஞ்சியங்கள் பயன்படுத்துகின்றன. அதோடு வரும் மாதிரி உரிமப் படிவத்தின் தலைப்பிலேயே ‘நான்-எக்ஸ்க்ளூசிவ்’ என்று இருக்கும், அதாவது பிரத்தியேகமல்லாத உரிமம். ஆனால் அது மாதிரிதான், ஒவ்வொரு நிறுவனமும் மாற்றிக்கொள்ளலாம். அதனால் உங்கள் பல்கலைக்கழகப் படிவத்தை எடுத்து அந்தச் சொல்லைத் தேடுங்கள். அப்புறம் ‘அசைன்’, ‘டிரான்ஸ்ஃபர்’ என்று பதிப்புரிமையை மாற்றித்தரும் வரி எங்காவது இருக்கிறதா என்றும் பாருங்கள். இருந்தால் கையெழுத்துக்கு முன்பே நூலகத்தில் கேட்டுவிடுங்கள். நிதி தந்த நிறுவனத்தோடு தனி ஒப்பந்தம் இருந்தால் அதையும் ஒருமுறை படியுங்கள்.

இந்தப் பயத்தால் பல வருட உழைப்பை யாரும் பூட்டி வைத்துவிடக் கூடாது என்பதால்தான் இவ்வளவு சொல்கிறேன்.