ஷிண்டோவின் பேனாவையும் கொஞ்சம் சொல்லியிருக்கலாம்

ஜப்பானியத் திரைக்கலைஞர் கானெட்டோ ஷிண்டோவைப் பற்றி வந்த கட்டுரை, அவரை இயக்குநராக மட்டுமே காட்டி முடித்துவிட்டது. திரைக்கதை எழுதியே வளர்ந்தவர் அவர். மற்ற இயக்குநர்களுக்கு அவர் எழுதிக் கொடுத்த கதைகள் ஏராளம். ஹாலிவுட் நடிகர் ரிச்சர்ட் கியர் நடித்த நாய்ப் படத்தைப் பார்த்துக் கண் கலங்கியவர்கள் நம்மில் நிறைய பேர். அதன் மூலமான 1987 ஜப்பானியப் படம் ‘ஹச்சிகோ’வின் திரைக்கதையும் இவருடையதுதான்.

வசனத்தில் ஊறிய அந்த மனிதர்தான் 1960இல் ‘நேக்கட் ஐலண்ட்’ படத்தை ஏறக்குறைய வசனமே இல்லாமல் எடுத்தார். என்ன துணிச்சல் பாருங்கள்! தண்ணீரில்லாத சின்னத் தீவு. கணவனும் மனைவியும் பக்கத்துக் கரையிலிருந்து படகில் தண்ணீர் கொண்டுவந்து, காவடியில் தூக்கி மேடேறிப் பயிருக்கு ஊற்றுகிறார்கள். ஒருமுறை அவள் கால் தடுமாறி ஒரு வாளி கவிழ்ந்துவிடுகிறது. கணவன் வந்து பளாரென்று ஓர் அறை விடுகிறான். பிறகு அவனே எழுப்பிவிட, வேலை தொடர்கிறது. மகன் இறந்தபின் அதே தண்ணீரை அவளே கொட்டிவிட்டுப் பயிரைப் பிடுங்கி எறிவாள். இந்த முறை அவன் கை ஓங்கவில்லை, பார்த்துக்கொண்டு நிற்கிறான். மனைவியாக வரும் நொபுகோ ஒட்டோவாவின் நடிப்புக்கு வசனம் எதற்கு?

கடனில் தத்தளித்த ஷிண்டோவின் சொந்தப் படக் கம்பெனியைக் கரையேற்றியது இந்தப் படம்தான். 1961 மாஸ்கோ திரைப்பட விழாவில் பெரிய பரிசும் கிடைத்தது.

ஷிண்டோவின் இன்னொரு படமான ‘ஒனிபாபா’வை வெறும் பேய்ப்படம் என்று கட்டுரையாளர் ஒதுக்கியதை ஏற்க முடியவில்லை. போர்க்காலப் பசிதான் அதில் பேய். ஹிரோஷிமாவில் பிறந்து, இரண்டாம் உலகப் போரில் கடற்படையில் இருந்தவருக்கு அது கற்பனை இல்லையே. அப்புறம், 2011இல் வந்த ‘போஸ்ட்கார்ட்’ படத்தையும் விடாமல் பாருங்கள், 98 வயதில் எடுத்தது!