ஐம்பது லட்ச ரூபாய் வீட்டுக்கடனின் முழு விலை

வீட்டுக்கடன் வாங்கப் போகிறவர்கள் பெரும்பாலும் இரண்டு கேள்விகளோடுதான் வருகிறார்கள்: எந்த வங்கியில் வட்டி குறைவு, மாதம் எவ்வளவு கட்ட வேண்டியிருக்கும். கடன் எத்தனை ஆண்டுகள் ஓட வேண்டும் என்று அநேகமாக யாரும் கேட்பதில்லை. வயதையும் சம்பளத்தையும் பார்த்து, தவணை எந்த அளவில் அடங்குமோ அந்தக் காலத்தை வங்கி ஊழியரே விண்ணப்பத்தில் நிரப்பிவிடுகிறார். கால் சதவீத வட்டிக்காக மூன்று வங்கிகளின் படியேறி இறங்குகிறவர்கள், கூடுதலாகப் பத்து ஆண்டுகளை ஒரு பேச்சும் இல்லாமல் ஒப்புக்கொண்டுவிடுகிறோம். வீட்டுக்கடனின் உண்மையான செலவைத் தீர்மானிப்பதில் வட்டி விகிதத்துக்கு இருக்கும் பங்கைவிடக் காலத்துக்கு இருக்கும் பங்கே பெரிது என்பது என் கருத்து. அதைக் கணக்கோடு சொல்லிவிடுகிறேன்.

50 லட்ச ரூபாய் கடன், 8.5 சதவீத வட்டி, 20 ஆண்டுகள் என்று வைத்துக்கொள்வோம். மாதத் தவணை ரூ. 43,391. இருபது ஆண்டுகளில் கட்டும் மொத்தத் தொகை சுமார் 1 கோடியே 4 லட்சம். அதாவது வட்டி மட்டும் 54 லட்சம். இதே கடனை 30 ஆண்டுகளுக்கு நீட்டினால் தவணை ரூ. 38,446 ஆகக் குறைகிறது. மாதம் ஐயாயிரம் ரூபாய் மிச்சம் என்று மனம் குளிர்கிறது. ஆனால் மொத்தம் 1 கோடியே 38 லட்சத்தைத் தொடுகிறது. மாதம் ஐயாயிரம் குறைத்ததற்கு நாம் கொடுக்கும் கூடுதல் வட்டி 34 லட்சம். மறுபக்கம், 15 ஆண்டுகளாகச் சுருக்கினால் தவணை ரூ. 49,237, இருபதாண்டுக் கடனைவிட மாதம் ஆறாயிரத்துக்குச் சற்றுக் குறைவாகவே கூடுதல், ஆனால் மிச்சமாகும் வட்டி பதினைந்தரை லட்சம். இதே 20 ஆண்டுக் கடனில் வட்டியை அரை சதவீதம் குறைத்து வாங்கிவிட்டோம் என்று பெருமைப்பட்டால், அதனால் மொத்தத்தில் மிஞ்சுவது நான்கு லட்சத்துக்கும் குறைவு. வட்டிக்குப் பேரம் பேச வேண்டாம் என்று சொல்லவில்லை. பேரம் பேசும் வீரத்தை எங்கே அதிகம் காட்ட வேண்டும் என்பதைத்தான் சொல்கிறேன்.

தவணைக்குள் நடப்பது என்ன என்பதையும் பார்க்க வேண்டும். முதல் மாதம் கட்டும் ரூ. 43,391இல் வட்டிக்குப் போவது ரூ. 35,417, அசலில் கழிவது எட்டாயிரம்கூட இல்லை. முதல் ஐந்து ஆண்டுகளில் 26 லட்சம் கட்டி முடித்திருப்போம். அசல் குறைந்திருப்பது ஆறு லட்சத்துக்குள். பாதிக் காலமான பத்து ஆண்டுகள் முடியும்போதுகூட 35 லட்சம் பாக்கி நிற்கும். கடன் பாதியாகக் குறைய ஏறத்தாழ பதினான்கு ஆண்டுகள் ஆகும். இதில் வங்கியின் சூழ்ச்சி எதுவும் இல்லை. நிற்கும் பாக்கிக்குத்தான் வட்டி என்பதால், பாக்கி பெரிதாக இருக்கும் ஆரம்ப ஆண்டுகளில் வட்டியும் பெரிதாக இருக்கிறது, அவ்வளவுதான். ஆனால் ஆறு, ஏழு ஆண்டுகளில் வீட்டை விற்றுவிட்டு வேறு ஊருக்கு மாறுகிறவர்களுக்கு இந்தக் கணக்கு தெரியாமல் போவதால்தான், கடனை அடைக்கப் போகும் நாளில் வங்கி சொல்லும் பாக்கித் தொகையைக் கேட்டுத் திகைத்து நிற்கிறார்கள்.

"வாடகைக்குக் கொடுக்கிற பணத்தைத் தவணையாகக் கட்டினால் வீடு நமக்காகுமே" என்ற வாதத்தை நம் குடும்பங்களில் கேட்காதவர்கள் இருக்க முடியாது. நம் நகரங்களில் வீட்டின் விலையில் ஆண்டுக்கு இரண்டு, மூன்று சதவீதம்தான் பொதுவாக வாடகையாகக் கிடைக்கிறது. அறுபது லட்சத்துச் சொச்சம் விலையுள்ள வீடு மாதம் பதினைந்தாயிரம் வாடகைக்குக் கிடைக்கும் இடத்தில், அதே வீட்டைக் கடனில் வாங்கினால் முதல் ஆண்டில் வட்டியாக மட்டும் 4 லட்சத்து 21 ஆயிரம் போகிறது, மாதத்துக்கு முப்பத்தைந்தாயிரம். வாடகை திரும்பி வராத பணம் என்றால் இந்த வட்டியும் திரும்பி வராத பணம்தான். சொந்த வீட்டுக்குச் சொத்து வரியும் பராமரிப்பும் வேறு இருக்கின்றன. வீட்டுக்காரர் காலி செய்யச் சொல்வார் என்ற பயமில்லாமல் வாழ்வதற்கும், பிள்ளைகளின் பள்ளியை மாற்றாமல் இருப்பதற்கும் ஒரு மதிப்பு இருக்கிறது என்பதை நான் மறுக்கவில்லை. அந்த மதிப்புக்கு என்ன விலை கொடுக்கிறோம் என்று தெரிந்து கொடுத்தால் போதும்.

கடனுக்கு வெளியே இருக்கும் செலவைப் பலரும் கடைசி வாரத்தில்தான் எண்ணுகிறார்கள். ரிசர்வ் வங்கி விதிப்படி 30 லட்சத்துக்கு மேல் 75 லட்சம் வரையிலான கடனுக்கு வீட்டின் மதிப்பில் 80 சதவீதம்தான் உச்சம். ஆகவே 50 லட்சம் கடன் கிடைக்க வேண்டுமானால் வீடு 62.5 லட்சமாக இருக்க வேண்டும், நம் கையிலிருந்து 12.5 லட்சம் போட வேண்டும். தமிழ்நாட்டில் தனி வீட்டின் கிரயப் பத்திரத்துக்கு முத்திரைத் தீர்வை 7 சதவீதம், பதிவுக் கட்டணம் 2 சதவீதம். முழு விலையையும் பத்திரத்தில் காட்டினால் இது ஐந்தரை லட்சத்தைத் தாண்டுகிறது. இந்தத் தொகையை வீட்டின் மதிப்பில் சேர்த்துக் கடன் தரவும் முடியாது. முன்பணம், பத்திரச் செலவு, தவணைகள் மூன்றையும் கூட்டினால் 62.5 லட்ச ரூபாய் வீட்டுக்கு நம் கையை விட்டுப் போவது 1 கோடியே 22 லட்சம். வழக்கறிஞர் கருத்து, பொறியாளர் மதிப்பீடு, வங்கியின் செயல்பாட்டுக் கட்டணம், ஆவண ஒப்படைப்புப் பதிவு (மூலப் பத்திரங்களைக் கடனுக்கு ஈடாக வங்கியிடம் ஒப்படைத்ததைப் பதிவு செய்வது) ஆகியவை இதற்கு மேல். முன்பணத்துக்காக நகையை அடகு வைத்தும் சீட்டை முன்கூட்டியே தள்ளி எடுத்தும் பணம் புரட்டுகிறவர்கள், அந்த வட்டியையும் தள்ளுபடியையும் இதே கணக்கில் எழுதிக்கொள்ள வேண்டும்.

கடனோடு சேர்த்து ஒட்டிவிடும் காப்பீட்டைப் பற்றிக் கொஞ்சம் கடுமையாகவே சொல்ல வேண்டியிருக்கிறது. கடன் வாங்கியவர் இறந்துவிட்டால் குடும்பம் தெருவுக்கு வரக் கூடாது. எனவே காப்பீடு அவசியம் என்பதில் எனக்கு மாற்றுக் கருத்து இல்லை. ஆனால் வங்கி காட்டும் காப்பீட்டை அங்கேயே எடுத்தாக வேண்டும் என்று எந்தச் சட்டமும் இல்லை. ஒரே தடவையில் கட்டும் பிரீமியம் ஒன்றரை லட்சத்தைக் கடனோடு சேர்த்துவிட்டால், இருபது ஆண்டுகளில் அதற்காக மட்டும் நாம் கட்டுவது மூன்று லட்சத்துக்கு மேல். தனியாக ஒரு டேர்ம் காப்பீடு (குறிப்பிட்ட காலத்துக்குள் இறந்தால் மட்டும் தொகை தரும் காப்பீடு) எடுத்து ஆண்டுதோறும் பிரீமியம் கட்டுவதோடு இதை ஒப்பிட்டுப் பார்த்த பிறகே கையெழுத்திட வேண்டும். அந்தக் காகிதம் எப்போதும் கையெழுத்திடும் நாளில், மற்ற ஐம்பது காகிதங்களுக்கு நடுவில்தான் வருகிறது என்பது தற்செயலானது என்று நான் நம்பவில்லை.

இதுவரை சொன்னதெல்லாம் வட்டி மாறாமல் இருக்கும் என்ற கற்பனையில் போட்ட கணக்கு. நம் நாட்டில் வீட்டுக்கடன்கள் பெரும்பாலும் மாறும் வட்டியில் இருப்பவை. 2019 அக்டோபர் முதல் வங்கிகள் தரும் புதிய கடன்களை ரெப்போ விகிதம் (ரிசர்வ் வங்கி மற்ற வங்கிகளுக்குக் குறுகிய காலக் கடன் தரும் வட்டி) போன்ற ஒரு வெளி அளவுகோலோடு இணைக்க வேண்டும் என்றானது. 2022 மே மாதத்துக்கு முன் 4 சதவீதமாக இருந்த ரெப்போ, 2023 பிப்ரவரிக்குள் 6.5 சதவீதமாக உயர்ந்தது. 2021இல் 6.75 சதவீத அளவில் 50 லட்சத்தை 20 ஆண்டுகளுக்கு வாங்கிய ஒருவரை எண்ணிப் பாருங்கள். அவருடைய தவணை ரூ. 38,018. ஒன்றரை ஆண்டுக்குப் பிறகு பாக்கி 48 லட்சத்துச் சொச்சமாக இருக்கும்போது வட்டி ஒரேயடியாக 9.25 ஆகிவிட்டதாக வைத்துக்கொண்டால், அந்த மாத வட்டி மட்டுமே ரூ. 37,100. தவணையை மாற்றாமல் விட்டால் அசலில் கழிவது ஆயிரம் ரூபாய்கூட இல்லை. கடன் முடிய இன்னும் நாற்பது ஆண்டுகள் ஆகும். உண்மையில் உயர்வு படிப்படியாக வந்தது. ஓய்வு வயதைத் தாண்டிக் காலத்தை நீட்ட முடியாமல் வங்கிகள் ஒரு கட்டத்தில் தவணையை உயர்த்தவும் செய்தன. ஆனாலும் "தவணை மாறவில்லையே" என்று நிம்மதியாக இருந்த பல வீடுகளில், கடன் முடியும் ஆண்டு ஓசையில்லாமல் தள்ளிப் போயிருந்தது.

இதைப் பார்த்துத்தான் ரிசர்வ் வங்கி 2023 ஆகஸ்டில் ஒரு சுற்றறிக்கை வெளியிட்டது. வட்டி மாறும்போது தவணையை உயர்த்துவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் கலந்து செய்வதா என்பதைக் கடன்தாரரே தேர்ந்தெடுக்க வாய்ப்புத் தர வேண்டும் என்கிறது அது. உரிமை காகிதத்தில் இருக்கிறது; வங்கிக் கிளைக்குப் போய் எழுத்தில் கேட்டால்தான் கைக்கு வரும். 2025 பிப்ரவரியில் தொடங்கி ரெப்போ குறைக்கப்பட்டபோதும் இதே கதைதான். வட்டி குறைந்ததும் தவணையைக் குறைத்துக்கொண்டு அந்த இரண்டாயிரம் ரூபாயை வீட்டுச் செலவில் கரைத்துவிடுவதைவிட, பழைய தவணையையே கட்டி ஆண்டுகளைக் குறைப்பது எத்தனையோ மேல். இன்னொன்றையும் கவனியுங்கள்: ரெப்போவுக்கு மேல் வங்கி வைக்கும் கூடுதல் விகிதம், புதிய வாடிக்கையாளருக்குப் பழையவரைவிடக் குறைவாக இருப்பது சாதாரணம். ஒழுங்காகத் தவணை கட்டுகிறவர் தன் விகிதத்தை ஆண்டுக்கு ஒருமுறையாவது புதியவர்களுக்குத் தருவதோடு ஒப்பிட்டுப் பார்த்து, குறைத்துத் தரச் சொல்லிக் கேட்க வேண்டும்.

முன்கூட்டிக் கட்டுவதில்தான் கடன்தாரரின் கையில் உண்மையான பலம் இருக்கிறது. தனிநபர்களின் மாறும் வட்டி வீட்டுக்கடனை முன்கூட்டி அடைப்பதற்கு வங்கிகள் அபராதம் வசூலிப்பதை 2012லேயே ரிசர்வ் வங்கி தடை செய்துவிட்டது. நம் உதாரணக் கடனில் முதல் ஆண்டு முடிவில் இரண்டு லட்சம் கூடுதலாகக் கட்டினால் கடன் 21 மாதங்கள் முன்னதாக முடிகிறது, ஏழு லட்சத்துக்கு மேல் மிச்சமாகிறது. அதே இரண்டு லட்சத்தைப் பதினைந்தாம் ஆண்டு முடிவில் கட்டினால் மிச்சமாவது ஒரு லட்சம்தான். முதல் சில ஆண்டுகளில் வரும் போனஸை, ஊரில் விற்ற நிலத்தின் பங்கை, முதிர்ந்த எல்.ஐ.சி. பாலிசியை எங்கே போடலாம் என்று யோசிப்பவர்களுக்கு இதைவிடத் தெளிவான விடையை என்னால் தர முடியாது. பெரிய தொகை இல்லாதவர்கள் ஆண்டுக்கு ஒரு தவணையைக் கூடுதலாகக் கட்டினாலே மூன்று ஆண்டுகளுக்கு மேல் குறையும், பத்து லட்சம் அளவுக்கு வட்டி மிஞ்சும். பணத்தைக் கட்டும்போது தவணையைக் குறைக்க வேண்டாம், காலத்தைக் குறையுங்கள் என்று எழுதிக் கொடுக்க மறக்கக் கூடாது.

இங்கே இரண்டு எதிர்வாதங்கள் வரும். முதலாவது வருமான வரிச் சலுகை. பழைய வரிமுறையில், குடியிருக்கும் வீட்டுக்கான வட்டியில் ஆண்டுக்கு இரண்டு லட்சம் வரை கழித்துக்கொள்ளலாம் என்பது உண்மை. ஆனால் முதல் ஆண்டு வட்டி நான்கு லட்சத்தைத் தாண்டும் கடனில் பாதிக்குக்கூடச் சலுகை கிடைப்பதில்லை. 2023-24 நிதியாண்டு முதல் இயல்பாகப் பொருந்தும் புதிய வரிமுறையில் குடியிருக்கும் வீட்டுக்கு இந்தக் கழிவே கிடையாது. முப்பது சதவீத வரிக்காரருக்குக்கூட இரண்டு லட்சத்தால் மிஞ்சுவது ரூ. 62,400. அந்தச் சலுகைக்காகக் கடனை அடைக்காமல் வைத்திருப்பது, அறுபது ரூபாய் கிடைக்க இருநூறு ரூபாய் செலவழிக்கும் வேலை.

இரண்டாவது வாதம் வலுவானது: இருபது ஆண்டு கழித்துக் கட்டும் நாற்பத்து மூவாயிரம் இன்றைய நாற்பத்து மூவாயிரம் அல்ல. பணவீக்கம் ஆண்டுக்கு ஐந்து சதவீதம் என்று கொண்டால் கடைசித் தவணையின் இன்றைய மதிப்பு பதினாறாயிரம் ரூபாய்தான். ஆகவே "ஒரு கோடியே நாலு லட்சம்" என்ற எண்ணை மட்டும் காட்டிப் பயமுறுத்துவது முழு நேர்மையாகாது. சம்பளம் நிச்சயமாக உயரும் துறையில் இருக்கும் இளைஞர் ஒருவர் நீண்ட காலக் கடனை எடுத்து, கூடுதல் பணத்தை வேறு இடத்தில் கட்டுப்பாட்டோடு முதலீடு செய்தால் அவருக்கு லாபமாகவும் இருக்கலாம். அந்தக் கட்டுப்பாடு எத்தனை பேரிடம் இருக்கிறது என்பதே என் சந்தேகம். மிச்சமான ஐயாயிரம் பெரும்பாலும் முதலீட்டுக்குப் போவதில்லை, புதிய காரின் தவணைக்குத்தான் போகிறது.

என்னிடம் கேட்கும் தம்பி தங்கைகளுக்கு நான் சொல்வது: நீங்கள் தாங்கக்கூடிய தவணையை முதலில் முடிவு செய்துவிட்டு அதற்கேற்ற காலத்தைத் தேடாதீர்கள். ஐம்பத்தைந்து வயதுக்குள் முடியும் காலத்தை முதலில் முடிவு செய்து, அந்தக் காலத்தில் உங்கள் தவணை எவ்வளவு கடனைத் தாங்குகிறதோ அந்த அளவுக்கு வீடு பாருங்கள். வீடு சிறிதாகலாம், ஊர்க் கோடிக்குப் போக வேண்டியும் வரலாம். 2024 அக்டோபர் முதல் ஒவ்வொரு சில்லறைக் கடனுக்கும் முக்கியத் தகவல் அறிக்கை ஒன்றை வங்கி தர வேண்டும்; கட்டணங்களையும் சேர்த்த ஆண்டு வட்டிச் சதவீதம் அதில் இருக்கும். விளம்பரத்தில் போட்டிருக்கும் வட்டியை விட்டுவிட்டு அந்த எண்ணைக் கொண்டு இரண்டு வங்கிகளை ஒப்பிடுங்கள்.

கடைசித் தவணை கட்டியதோடும் வேலை முடிவதில்லை. மூலப் பத்திரங்களை முப்பது நாட்களுக்குள் திருப்பித் தராவிட்டால், தாமதமாகும் ஒவ்வொரு நாளுக்கும் ஐயாயிரம் ரூபாய் இழப்பீடு தர வேண்டும் என்று 2023 டிசம்பர் முதல் விதி இருக்கிறது. அதைத் தெரிந்துகொண்டு கேளுங்கள். ஆவண ஒப்படைப்பைச் சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிந்திருந்தால் கடன் அடைந்ததற்கான ரசீதையும் பதிவு செய்து, பிறகு ஒரு வில்லங்கச் சான்று எடுத்துப் பார்த்துவிடுங்கள். இல்லாவிட்டால் அடைத்து முடித்த கடன் வில்லங்கத்தில் அப்படியே நின்று, வீட்டை விற்கப் போகும் நாளில்தான் தெரிய வரும்.