அந்த பிளேசர் எங்கேய்யா?

அப்பாவோட பழைய ஹாக்கி டீம் போட்டோ, கோவில்பட்டியில எடுத்தது. வீட்ல இருந்ததே அந்த ஒரு பிரதிதான். கண்காட்சிக்கு வேணும்னு ஒரு அலுவலகத்துக்காரங்க வந்து வாங்கிட்டுப் போனாங்க. ரசீது கேட்டதுக்கு "எங்களை நம்ப மாட்டீங்களா?"ன்னு முகம் சுளிச்சாங்க. இப்போ மூணு தடவை நடந்துட்டேன். "அப்படி எதுவும் எங்ககிட்ட வரலையே சார்."

வயிறு எரியுது. ஏன்னா ஹாக்கி வீரர் பல்பீர் சிங் சீனியருக்கே இதே பதிலைச் சொன்ன நாடு இது.

1948 லண்டன், 1952 ஹெல்சிங்கி, 1956 மெல்போர்ன். மூணு ஒலிம்பிக், மூணு தங்கம். ஹெல்சிங்கி இறுதிப்போட்டியில நெதர்லாந்தை 6-1ன்னு ஜெயிச்சோம். அதுல அஞ்சு கோல் அவர் ஒருத்தர் அடிச்சது. மெல்போர்ன்ல கேப்டன். முதல் ஆட்டத்துலயே விரல் எலும்பு முறிஞ்சு, கட்டோட வந்து பாகிஸ்தானுக்கு எதிரா இறுதிப்போட்டி ஆடினார் மனுஷன். 1985ல, தேசிய விளையாட்டு அருங்காட்சியகம் வரப்போகுதுன்னு நம்பி, 36 பதக்கங்களையும் மெல்போர்ன் ஒலிம்பிக்ல போட்டிருந்த பிளேசரையும் (டீம் கோட்டு) நூத்துக்கும் மேற்பட்ட போட்டோக்களையும் இந்திய விளையாட்டு ஆணையத்துக்கிட்ட தூக்கிக் கொடுத்தார். அந்த அருங்காட்சியகம் வரவே இல்லை. 2012ல லண்டன் ஒலிம்பிக் கண்காட்சிக்கு அவரோட பொருட்கள் தேவைப்பட்டப்பதான் விஷயமே வெளியில வந்துது. எதுவும் இல்லை. எங்கே போச்சுன்னு சொல்லவும் ஆள் இல்லை. அதுக்கப்புறமும் எட்டு வருஷம் கேட்டுக்கிட்டே இருந்து, 2020 மே மாசம் கண்ணை மூடிட்டார்.

அவர் அந்த இறுதிப்போட்டி ஆடின மெல்போர்ன் கிரிக்கெட் மைதானத்துக்குள்ளேயே இன்னைக்கு ஆஸ்திரேலியாவோட விளையாட்டு அருங்காட்சியகம் இருக்கு. 2008ல திறந்தாங்க. சிட்னி ஒலிம்பிக்ல அவங்க ஓட்டப்பந்தய வீராங்கனை கேத்தி ஃப்ரீமன் போட்டு ஓடின உடையை அங்கே பத்திரமா வெச்சிருக்காங்க. நம்ம கேப்டன் பிளேசர்?

கட்டடத்துக்குப் பணம் இல்லைன்னு யாரும் என்கிட்ட வராதீங்க. அருங்காட்சியகம்ங்கிறது மொதல்ல ஒரு பதிவேடு. பொருள் வந்ததும் அதுக்கு ஒரு எண், ஒரு போட்டோ, கொடுத்தவர் கையெழுத்து, வாங்கினவர் கையெழுத்து. இடம் மாத்தினா அதையும் எழுதணும். இதுக்கு என்ன கோடிக்கணக்கிலயா செலவாகும்? எங்க ஊர் கிளை நூலகத்துல அம்பது ரூபாய்ப் புத்தகத்துக்குக்கூட எண் போட்டு முத்திரை குத்துறாங்க. கோயில் குத்துவிளக்குக்குக் கணக்கு இருக்கு. நாட்டுக்காக எலும்பு முறிய ஆடினவன் சட்டைக்குக் கணக்கு இல்லையா? ஒருத்தர் மாறுதலாகிப் போனா அடுத்தவருக்குத் தெரியாதாம். பீரோ சாவி யார்கிட்டேன்னே தெரியாதாம். இது அலட்சியம்னுகூட நான் சொல்ல மாட்டேன். ஒருத்தரோட வாழ்க்கையைக் கையில வாங்கித் தொலைக்கிறது துரோகம்.

வீட்ல பழைய பதக்கம், கோப்பை, போட்டோ வெச்சிருக்கிறவங்க தயவுசெஞ்சு கேளுங்க. யார் வந்து கேட்டாலும் எழுத்துல வாங்காம கொடுக்காதீங்க. போட்டோன்னா ஸ்கேன் எடுத்துட்டுப் பிரதியை மட்டும் கொடுங்க.

திங்கட்கிழமை மறுபடி போறேன். இந்தத் தடவை எழுத்துபூர்வமா மனு, ஒப்புகைச் சீட்டு வாங்காம கிளம்ப மாட்டேன். அந்தப் போட்டோவுல இருக்கிற பதினோரு பேர்ல இப்போ நாலு பேர்தான் இருக்காங்க. இடமிருந்து ரெண்டாவது ஆள் தினமும் சாயங்காலம் "கிடைச்சுதாப்பா?"ன்னு கேட்கிறார்.