ஐந்து ஆண்டுச் சலுகை பதவி உயர்வுக்குப் பொருந்தாது

'ஓய்வுக்கு ஐந்து ஆண்டுக்குள் இருக்கும் ஆசிரியருக்கு டெட் (ஆசிரியர் தகுதித் தேர்வு) வேண்டாம், பதவி உயர்வும் உண்டு' என்று மேலே போட்டிருக்கிறீர்களே சார், முதல் பாதி மட்டும்தான் சரி. 1.9.2025 உச்ச நீதிமன்றத் தீர்ப்பு அவர்களை டெட் இல்லாமல் ஓய்வு வரை பணியில் தொடர விடுகிறது, அவ்வளவுதான். பதவி உயர்வு கேட்டால் அவர்களும் டெட் தேறியிருக்க வேண்டும் என்று அதே பத்தியிலேயே இருக்கிறது. பரவும் தீர்ப்புப் படத்தில் அந்த வரியை வெட்டிவிட்டார்கள்! ஐந்து ஆண்டு என்பதைத் தீர்ப்பு நாளிலிருந்து எண்ணுங்கள். பதவி உயர்வுப் பட்டியல் வரும் நாளிலிருந்து அல்ல. இன்னொன்று: இடைநிலை ஆசிரியர் பட்டதாரி ஆசிரியராகப் போக, கையில் இருக்கும் டெட் தாள் 1 சான்றிதழ் போதாது. அது 1 முதல் 5 வகுப்புக்கானது. 6 முதல் 8 வகுப்புக்குரிய தாள் 2 தேற வேண்டும்.