நாலாவது அவென்யூ யாருடையது?

2024-இல் வந்த ஒரு செய்தி நினைவிருக்கலாம். நியூயார்க் மாரத்தான் தொடங்குவது வெரசானோ பாலத்தில். அன்று பாலத்தை மூடுவதால் சுங்க வருமானம் போகிறது, ஈடாகச் சுமார் 7,50,000 டாலர் கொடுங்கள் என்று போக்குவரத்து ஆணையம் கேட்டது. கேட்டது ஓட்டத்தை நடத்தும் நியூயார்க் ரோடு ரன்னர்ஸ் அமைப்பிடம். ஆளுநர் கேத்தி ஹோக்குல் தலையிட்டு, அந்தப் பேச்சை விடச் சொன்னார். அப்போது எங்கள் ஓட்டக் குழுவின் வாட்ஸ்அப்பில் ஒரு நண்பர் எழுதியது இன்றைக்கும் எனக்கு உறுத்துகிறது: "வருஷத்தில் ஒரு நாள்தான் ரோடு நம்முடையது. அதற்கும் வாடகையா?"

ரோடு நம்முடையது இல்லை நண்பா. அன்றைக்கு உடனே பதில் சொல்ல முடியவில்லை. இப்போது கொஞ்சம் நீளமாகவே சொல்கிறேன்.

இந்த ஓட்டத்தின் பிறந்த தேதியாக எல்லோரும் சொல்வது 1970 செப்டம்பர் 13. வெயில் கொளுத்திய ஒரு ஞாயிற்றுக்கிழமை, சென்ட்ரல் பார்க்குக்குள்ளேயே சுற்றிச் சுற்றி 42.195 கிலோமீட்டர். நுழைவுக் கட்டணம் 1 டாலர். ஓடத் தொடங்கியவர்கள் 127 பேர், முடித்தவர்கள் 55 பேர். முதலில் வந்த கேரி மூர்க்கி தீயணைப்பு வீரர். இரவுப் பணி முடித்த கையோடு வந்து 2 மணி 31 நிமிடத்தில் முடித்தார். ஓட்டத்தை ஏற்பாடு செய்தவர்களில் ஒருவரான ஃப்ரெட் லீபோவும் அன்று ஓடினார், 45-ஆவதாக வந்தார். ருமேனியாவில் பிறந்த யூதர், நாஜிகள் காலத்தில் உயிர் தப்பி வந்தவர், ஆயத்த ஆடைத் தொழிலில் இருந்தவர். பூங்காவுக்கு நடக்க வந்தவர்கள் கொஞ்ச நேரம் வேடிக்கை பார்த்துவிட்டுப் போயிருப்பார்கள். ஊருக்கு அதில் பங்கும் இல்லை, தொந்தரவும் இல்லை.

என் கணக்கில் இந்த மாரத்தான் பிறந்தது 1976-இல். அந்தக் கதையின் தொடக்கமே ஒரு காது மயக்கம் என்பார்கள். டெட் கார்பிட் என்று ஒரு மாமனிதர். 1952 ஒலிம்பிக்கில் அமெரிக்காவுக்காக மாரத்தான் ஓடிய கறுப்பின வீரர். தெருவோட்டங்களின் தூரத்தைச் சரியாக அளக்கும் முறையை இந்த நாட்டுக்குப் பழக்கியவரும் அவர்தான். நகரத்தின் ஐந்து பகுதிகளிலிருந்தும், அதாவது ஐந்து பரோக்களிலிருந்தும், ஓர் அணி வந்து போட்டியிடட்டும் என்று அவர் ஒரு யோசனை சொன்னார். அரசுப் பணியில் தணிக்கையாளராக இருந்த ஜார்ஜ் ஸ்பிட்ஸ் காதில் அது ஐந்து பரோக்கள் வழியாகவும் ஓட்டம் போகட்டும் என்று விழுந்தது. மனிதர் அதைப் பிடித்துக்கொண்டு விடவே இல்லை. மன்ஹாட்டன் பரோவின் தலைவர் பெர்சி சட்டனைப் பிடித்தார், சட்டன் வழியாக, ரியல் எஸ்டேட் தொழிலில் இருந்த ரூடின் குடும்பத்தாரிடமிருந்து பணம் வந்தது. லீபோ முதலில் தயங்கினார். பூங்காவில் ஓடுகிறவர்களுக்கே தண்ணீர் கொடுக்கத் திணறியவர், இத்தனை தெருவை மூடு என்றால் தயங்க மாட்டாரா?

அந்தக் காலத்து நியூயார்க்கையும் நினைத்துப் பாருங்கள். 1975-இல் நகராட்சி திவாலாகும் நிலைக்குப் போய் மீண்டிருந்தது. போலீஸ்காரர்களையே வேலையை விட்டு அனுப்பிய காலம். பிராங்ஸில் வீடுகள் எரிந்துகொண்டிருந்தன. வெளியூர்க்காரர்கள் கால் வைக்கப் பயந்த ஊர். அந்த ஊரில், அந்தத் தெருக்களில், 1976 அக்டோபர் 24 அன்று இரண்டாயிரம் பேர் அரை நிஜாரோடு ஓடினார்கள். ஜனங்கள் வாசலுக்கு வந்து கை தட்டினார்கள். பில் ராட்ஜர்ஸ் 2 மணி 10 நிமிடம் 10 விநாடியில் ஜெயித்துவிட்டு வந்து பார்த்தால், அவர் நிறுத்திவைத்திருந்த காரைப் போலீஸ் இழுத்துக்கொண்டு போயிருந்தது! தெருவுக்கு அன்று காலை வெற்றி வீரனும் ஒன்றுதான், தப்பான இடத்தில் நிறுத்திய எவனும் ஒன்றுதான். அதே நாளில் செயற்கைக் காலோடு டிக் டிராம் என்பவர் ஏழு மணி நேரத்துக்கும் மேல் ஓடி முடித்தார். மாற்றுத்திறனாளிகளுக்காக அக்கிலிஸ் என்ற ஓட்டக் குழுவைப் பின்னாளில் தொடங்கியவர் அவர்தான். ஆனால் சக்கர நாற்காலிக்கு இந்த மாரத்தானில் அதிகாரபூர்வமான தனிப் பிரிவு வந்தது 2000-இல். அந்தத் தாமதத்தை என்னால் மன்னிக்க முடியவில்லை. லீபோ மேல் எனக்கு எவ்வளவு மரியாதை இருந்தாலும் அது அவர் கணக்கிலும் விழும் குறைதான்.

பெண்கள் விஷயத்தில் அவர் சரியான பக்கம் நின்றார். 1972-இல் அமெரிக்க அமெச்சூர் தடகளச் சங்கம் ஒரு விதி வைத்திருந்தது: பெண்கள் ஆண்களோடு சேர்ந்து புறப்படக் கூடாது, பத்து நிமிடம் முன்னால் போய்விட வேண்டும். துப்பாக்கி வெடித்தது. ஆறு பெண்கள் புறப்படும் கோட்டிலேயே சப்பணம் போட்டு உட்கார்ந்துவிட்டார்கள். பத்து நிமிடம் அசையவில்லை. ஆண்களுக்கான வெடி கேட்டதும் எழுந்து அவர்களோடு சேர்ந்து ஓடினார்கள். அந்த ஆறு பேரில் ஒருவரான நீனா குஸ்சிக்தான் பெண்களில் முதலில் வந்தார். உட்கார்ந்த பத்து நிமிடத்தையும் நேரத்தில் சேர்த்தார்கள், பிறகு வேறு வழியில்லாமல் விதியையே கைவிட்டார்கள். அந்த ஆறு பேர் தரையில் உட்கார்ந்திருக்கும் படத்தை என் மகளின் மேசைக்கு மேலே ஒட்டியிருக்கிறேன்.

என் கதைக்கு வருகிறேன். 2007-இல் புரூக்ளினுக்குக் குடிவந்த புதிது. சன்செட் பார்க்கில், நாலாவது அவென்யூவுக்கு அந்தப் பக்கம் வீடு. நவம்பர் மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை, இரவுப் பணி முடிந்து கண் எரிச்சலோடு வந்தால் அவென்யூவைத் தாண்ட முடியவில்லை. ஆள் வெள்ளம். முக்கால் மணி நேரம் நின்றேன். கோபத்தில் போலீஸ்காரரிடம் கத்தினேன். பக்கத்தில் நின்ற ஒரு போர்ட்டோ ரிக்கோ பாட்டி ஒன்றும் பேசாமல், ஆரஞ்சுச் சுளை அடுக்கிய ஒரு தட்டை என் கையில் வைத்துவிட்டு அடுத்த தட்டை எடுக்க உள்ளே போய்விட்டார். இருபது நிமிடத்தில் தட்டு காலி. ஒவ்வொரு சுளையும் போகும்போது ஒரு நன்றி, எந்தெந்த மொழியிலோ. மறு வருஷம் நான் ஓட ஆரம்பித்தேன்.

அந்தப் பாட்டி மாரத்தான் அமைப்பில் யாரும் இல்லை. அவருக்குச் சட்டையும் கொடுக்கவில்லை, பதக்கமும் கொடுக்கவில்லை. தன் வாசலை ஒரு நாள் இரவல் கொடுத்தவர், கூடவே ஆரஞ்சும் கொடுத்தார். ஸ்டேட்டன் தீவில் தொடங்கி, புரூக்ளின், குயின்ஸ் வழியாக வந்து, குயின்ஸ்போரோ பாலத்தின் அமைதியைக் கடந்து, முதல் அவென்யூவின் இரைச்சலில் விழுந்து, பிராங்ஸைத் தொட்டுவிட்டு, ஹார்லெம் வழியாக சென்ட்ரல் பார்க் வரை இப்படி எத்தனை வாசல்கள்! முடிக்கிறவர்கள் இன்று 50,000-க்கும் மேல் என்றால் இந்த வாசல்கள் திறந்திருப்பதால்தான்.

அதனால்தான் 2012-ஐப் பற்றி என் கருத்து நண்பர்கள் பலருக்குப் பிடிக்காது. அக்டோபர் 29 அன்று சாண்டி புயல் அடித்தது. ஸ்டேட்டன் தீவில் மட்டும் இருபது பேருக்கு மேல் செத்தார்கள். மாரத்தான் நவம்பர் 4. நடக்கும் என்றார் மேயர் புளூம்பெர்க். கரண்ட் இல்லாமல் தீவே இருட்டில் கிடக்கும்போது, பூங்காவில் மாரத்தானுக்காக ஜெனரேட்டர் நிற்பதை ஜனங்கள் பார்த்தார்கள். கொதித்துப் போனார்கள். வெள்ளிக்கிழமை சாயங்காலம்தான் ரத்து என்று அறிவித்தார்கள். அதற்குள் உலகம் முழுவதிலிருந்தும் ஆயிரக்கணக்கானோர் வந்து இறங்கியாகிவிட்டது. அந்த வருஷம் எனக்கும் இடம் கிடைத்திருந்தது. பயிற்சி எல்லாம் வீணாயிற்றே என்று அன்று இரவு எனக்கும் வயிறெரிந்தது, மறைக்கவில்லை. ஆனால் ரத்து செய்தது சரி. மூன்று நாள் முன்னாலேயே செய்திருக்க வேண்டும். பிணம் தேடிக்கொண்டிருக்கும் ஊரில் போய் ரோடு கேட்பது தப்பு. ஞாயிறு காலை ஆயிரத்துக்கும் மேற்பட்ட ஓட்டக்காரர்கள் முதுகுப் பையில் பேட்டரியும் போர்வையும் கட்டிக்கொண்டு படகேறித் தீவுக்குப் போனார்கள். நானும் போனேன். சேற்றில் ஊறிய ஒரு மெத்தையை நாலு பேராகத் தெருவுக்கு இழுத்துப் போட்டோம். அந்த வீட்டு அம்மா, "ஓடத்தானே வந்தீர்கள்?" என்று கேட்டார். எங்களில் யாருக்கும் பதில் வரவில்லை.

இப்போது அந்தச் சுங்கப் பணத்துக்கு வருவோம். அதைக் கேட்டது தப்பு என்றுதான் நானும் நினைக்கிறேன், ஆனால் நண்பர் சொன்ன காரணத்துக்காக இல்லை. பாலத்துக்கு வாடகை கட்டிவிட்டால் அதன் பிறகு அது வெறும் வியாபாரம். கொடுத்தாயிற்று, எங்கள் ரோடு, நீ ஒதுங்கு என்று சொல்லும் தைரியம் வந்துவிடும். 1 டாலரில் தொடங்கிய நுழைவுக் கட்டணம் இன்று 250 டாலரைத் தாண்டிவிட்டது. சன்செட் பார்க்கில் ஓட்டல் சமையற்கட்டில் வேலை பார்க்கும் ஒரு பையன், தன் வாசல் வழியாகப் போகும் ஓட்டத்தில் சேர இந்தப் பணத்தைக் கட்டுவானா? வாசலை இரவல் கொடுத்தவர்களுக்குப் பட்ட கடனைத் தீர்க்க வேண்டுமானால் இங்கே தீருங்கள். ஓட்டம் போகும் ஒவ்வொரு தெருக்காரர்களுக்கும் குறைந்த கட்டணத்தில் சில நூறு இடம் ஒதுக்குங்கள். குலுக்கல் வேண்டாம், முகவரி காட்டினால் போதும். இதை அமைப்புக்குக் கடிதமாக எழுதி வைத்திருக்கிறேன். குழுவில் யார் யார் கையெழுத்துப் போடுகிறீர்கள்?

இன்னொன்று. இந்த நவம்பர் நான் ஓடவில்லை, முழங்கால் விடவில்லை. நாலாவது அவென்யூவில் தண்ணீர் மேசையில் நிற்கப் போகிறேன். காலை ஆறரைக்கு வந்தால் போதும். கையுறை கொண்டு வாருங்கள், குளிரில் விரல் மரத்துவிடும். பாட்டி இப்போது இல்லை. ஆரஞ்சு நறுக்க இரண்டு பேர் வேண்டும்.