வெட்டியது சரிதான், ஆனால் எல்லா வெட்டும் சரியில்லை

நாடக இயக்குநர் பீட்டர் புரூக் 1953இல் ஷேக்ஸ்பியரின் ‘கிங் லியர்’ நாடகத்தை அமெரிக்கத் தொலைக்காட்சிக்காக 73 நிமிடத்துக்குள் அடக்கியதை ஒரு கட்டுரை ‘கொலை’ என்கிறது. கொஞ்சம் அதிகம்தான்! முழுதாக நடித்தால் மூன்று மணி நேரத்துக்கு மேல் ஓடும் நாடகம். சிபிஎஸ் தொலைக்காட்சியின் ‘ஆம்னிபஸ்’ நிகழ்ச்சி மொத்தமே ஒன்றரை மணி நேரம். எதையாவது வெட்டித்தானே ஆக வேண்டும்?

அதோடு அது நேரலை. வசனம் மறந்தாலும் திரும்ப எடுக்க வழியில்லை; வீடியோ டேப் சந்தைக்கு வந்ததே 1956இல். அன்றைய ஸ்டுடியோ கேமராக்களில் பெரும்பாலும் ஜூமும் கிடையாது. முகப்பில் நாலு லென்ஸ் பொருத்திய வட்டு ஒன்று இருக்கும். அண்மைக் காட்சி வேண்டுமென்றால், வேறொரு கேமரா ஒளிபரப்பில் இருக்கும் சில நொடிக்குள் ஒளிப்பதிவாளர் அந்த வட்டைத் திருப்பி, ஃபோகஸும் சரிசெய்துவிட வேண்டும். இதற்கு நடுவில் உடை மாற்ற ஓடும் நடிகர் தரையில் கிடக்கும் கேபிளில் தடுக்கி விழாமல் இருக்க வேண்டும். மேடையில் இந்த கேமரா, கேபிள் தலைவலி எதுவும் இல்லை.

என் குறை வேறு. குளோஸ்டர் பிரபுவின் மகன்கள் எட்கர், எட்மண்ட் இருவரையும் மொத்தமாகத் தூக்கிவிட்டார்கள். அதனால் புயல் காட்சியில் வரும் ‘பாவப்பட்ட டாம்’ வெறும் பைத்தியக்காரனாகி விடுகிறான். மூல நாடகத்தில் அவன் எட்கர்தான்; பைத்தியம் போல் நடிக்கும் மகன் என்று நமக்குத் தெரிவதில்தானே அந்தக் காட்சியின் வலியே இருக்கிறது. ஆர்சன் வெல்ஸ் நடித்த லியர்? குரல் அபாரம், ஒப்பனை கொஞ்சம் ஓவர். கினெஸ்கோப் பதிவு (டிவி திரையை ஃபிலிமில் படமெடுத்தது) கிடைக்கிறது, பார்த்துவிட்டுத் திட்டுங்கள்.