மாடல் டி காரில் மூன்று பெடல்கள் உண்டு, ஆனால் ஆக்சிலரேட்டர் அதில் இல்லை

‘ஃபோர்டு மாடல் டி காரிலும் இன்றுபோல கிளட்ச், பிரேக், ஆக்சிலரேட்டர்தான், இன்று கியர் கார் ஓட்டத் தெரிந்தவர் அதையும் உடனே ஓட்டிவிடலாம்’ என்று ஒரு செய்தி சுற்றுகிறது. இது தவறு. நம்பி ஏறினால் ஆபத்தும்கூட.

1908 முதல் 1927 வரை வந்த அந்தக் காரில் பெடல்கள் மூன்றுதான், சரி. ஆனால் நடுவில் இருப்பது ரிவர்ஸ். பிரேக் என்று பழக்கத்தில் அதை மிதித்தால் ரிவர்ஸ் விழும். பிரேக் வலது ஓரத்தில், இன்று நாம் ஆக்சிலரேட்டரைத் தேடும் இடத்தில். இடது பெடலை முழுதாக அழுத்தினால் முதல் கியர், பாதியில் நியூட்ரல், கைலீவரை முன்னே தள்ளிவிட்டுக் காலை எடுத்தால் வேக கியர். ஆக்சிலரேட்டர்? ஸ்டியரிங்குக்குக் கீழே வலப்பக்கம் ஒரு சின்ன கைப்பிடி. இடப்பக்கக் கைப்பிடி ஸ்பார்க் நேரத்துக்கு, அதாவது இன்ஜினுக்குள் எரிபொருளைப் பற்றவைக்கும் தீப்பொறி எப்போது விழ வேண்டும் என்பதை முன்பின் மாற்ற.

அந்தக் காலத்தில் கற்றவர்கள் முதலில் பழகியதே இதைத்தான்: ஸ்பார்க்கைத் தாமதப்படுத்தாமல் இன்ஜினைக் கிளப்பக் காரின் முன்னால் உள்ள கிராங்க் கம்பியைக் கையால் சுற்றினால் அது எதிர்ப்பக்கம் உதைத்துக் கையை முறித்துவிடக்கூடும். அதனால் கட்டைவிரலை மடக்கிப் பிடிக்காமல் மற்ற விரல்களோடு சேர்த்தே வைப்பார்கள். மின் ஸ்டார்ட்டர் இந்தக் காருக்கு 1919-ல்தான் வந்தது.

இன்றைய பெடல் வரிசை 1916-ன் காடிலாக் டைப் 53-ல் இருந்தது. மாடல் டி கடைசிவரை அதற்கு மாறவில்லை.